கம்ப்யூட்டரில் மொபைல் ஆப்: வடசென்னைக் கடைகளிலும் வீடுகளிலும் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

வியாசர்பாடி பிரவுசிங் சென்டர், வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோடு ஜவுளிக்கடை, பெரம்பூரில் டி.என்.பி.எஸ்.சி.க்குப் படிக்கும் பிள்ளைகள் இருக்கும் வீடு, காசிமேட்டில் காற்றும் அலையும் பார்த்துப் படகு அனுப்புகிறவர்களின் வீடு. எல்லா இடத்திலும் ஒரே கேள்விதான்: போனில் மட்டும் ஓடும் ஆப்பைப் பெரிய திரையில் ஓட்ட முடியுமா? விண்டோஸுக்குப் பதில் லினக்ஸ் இருக்கும் கம்ப்யூட்டரில், கண்டெய்னர் என்ற வழியில் முடியும். எதை ஓட்டலாம், எதைத் தொடக்கூடாது, எங்கே மாட்டிக்கொள்ளும் என்பதை இங்கே எழுதியிருக்கிறோம்.

ஒரு குறிப்பு. கட்டளைகளை ஒலிப்பில் கொடுத்திருக்கிறோம். டெர்மினலில், அதாவது கட்டளை அடிக்கும் ஜன்னலில், ஆங்கிலச் சின்ன எழுத்தில் அடியுங்கள். பெரிய எழுத்து வேண்டிய இடத்தில் சொல்லிவிடுகிறோம். லினக்ஸின் ஒரு வகையான உபுண்டு 24.04-ஐ மனதில் வைத்தே படிகள் எழுதப்பட்டிருக்கின்றன.

கண்டெய்னர் என்றால் என்ன? இதுவும் எமுலேட்டர்தானே?

இல்லை. எமுலேட்டர் என்பது கம்ப்யூட்டருக்குள் இன்னொரு முழுக் கம்ப்யூட்டரைப் பொய்யாக உருவாக்குகிறது. அதற்கென்று ராமில் ஒரு பங்கை முதலிலேயே ஒதுக்க வேண்டும், அதன் கர்னல் (இயங்குதளத்தின் மையப்பகுதி) தனி. கண்டெய்னரில் அப்படி இல்லை. ஆண்ட்ராய்டும் லினக்ஸ் கர்னலின் மேல்தான் நிற்கிறது. அதனால் உங்கள் லினக்ஸ் கம்ப்யூட்டரின் அதே கர்னலை ஆண்ட்ராய்டும் பயன்படுத்திக்கொள்ளும். ஃபைல்கள், நெட்வொர்க், ஓடும் புரோகிராம்கள் மட்டும் தனியாகப் பிரித்து அடைக்கப்பட்டிருக்கும். இதைச் செய்யும் இலவச மென்பொருள் வேட்ராய்டு. அதற்கு முன் ஆன்பாக்ஸ் இருந்தது, அது நின்றுபோய்விட்டது. வேட்ராய்டு உள்ளே ஓட்டுவது லீனியேஜ் ஓஎஸ் என்ற ஆண்ட்ராய்டு வடிவம். முன்பு ஆண்ட்ராய்டு 11, பிறகு 13.

இதனால் கிடைக்கும் பெரிய லாபம் பழைய மெஷின்களுக்குத்தான். பயாஸில் (மெஷின் தொடங்கும்போது திறக்கும் அடிப்படை செட்டிங்ஸில்) விர்ச்சுவலைசேஷனை, அதாவது எமுலேட்டருக்குத் தேவைப்படும் பிராசசர் வசதியை, ஆன் செய்ய வேண்டிய அவசியமே இல்லை. ராமும் ஆப் கேட்கும்போதுதான் போகும்.

எங்கள் பழைய டெஸ்க்டாப்பில் ஓடுமா?

முதலில் பார்க்க வேண்டியது பிராசசர். ஆண்ட்ராய்டின் 64 பிட் வடிவத்துக்கு எஸ்எஸ்இ 4.2 என்ற வசதி கட்டாயம். டெர்மினலில் 'எல்எஸ்சிபியு' என்று அடித்து, வரும் நீண்ட பட்டியலில் எஸ்எஸ்இ4_2 இருக்கிறதா என்று தேடுங்கள். கோர் 2 டுயோவில் இருக்காது. ஏஎம்டி இ வரிசையின் முதல் தலைமுறையிலும் இருக்காது. கோர் ஐ3, ஐ5 என்று தொடங்கும் எல்லாத் தலைமுறையிலும் இருக்கும். இல்லையென்றால் 64 பிட் வடிவம் அந்த மெஷினில் ஓடாது. வேட்ராய்டு 32 பிட் வடிவத்துக்கு இறங்கிவிடும்.

ராம் 4 ஜிபி இருந்தால் ஒரு ஆப்பும் ஒரு பிரவுசர் டேபும் தாங்கும், அவ்வளவுதான். 8 ஜிபி வேண்டும் என்பது எங்கள் முடிவு. 2011-இல் தொடங்கிய அரசு இலவச லேப்டாப் திட்டத்தில் வாங்கியதை இன்னும் வைத்திருப்பவர்கள், பிராசசர் தேறினால், ராமைக் கூட்டிவிட்டு முயலலாம். ஹார்டு டிஸ்க்கில் வேட்ராய்டு ஓடும், ஆனால் முதல் முறை திறக்க நிமிடக்கணக்கில் ஆகும். 256 ஜிபி சாட்டா எஸ்எஸ்டி ஒன்று போட்டால் அந்த வித்தியாசம் ராம் கூட்டுவதைவிடப் பெரிது.

கிராபிக்ஸ் தனிக் கார்டாக இல்லாமல் பிராசசருக்குள்ளேயே இருக்கும் இன்டெல் அல்லது ஏஎம்டி என்றால் சிக்கல் குறைவு. தனி என்விடியா கார்டு என்றால் கீழே கறுப்புத் திரை பற்றிய பதிலைப் படித்துவிட்டு இறங்குங்கள்.

காசிமேடு, திருவொற்றியூர், எண்ணூர் பக்கம் கடலோரத்தில் இருக்கும் மெஷின்களுக்கு ஒரு சொல். உப்புக்காற்றில் ராமின் தங்கநிறப் பல்வரிசை மங்கிவிடும். சாதாரண வேலையில் தெரியாது. கண்டெய்னரைத் திறந்து ராம் நிறைய ஆரம்பித்ததும் மெஷின் தானாக ரீஸ்டார்ட் ஆகும், பழி வேட்ராய்டு மேல் விழும். பவர் ஒயரைப் பிடுங்கிவிட்டு, ராமைக் கழற்றி, வெள்ளை ரப்பரால் அந்தப் பல்வரிசையை இரண்டு பக்கமும் மெல்லத் தேய்த்து, தூளைத் தட்டிவிட்டு மாட்டுங்கள். அதன்பின் ராமைச் சோதிக்கும் மெம்டெஸ்ட் புரோகிராமை ஒரு முழுச் சுற்று ஓட்டிப் பாருங்கள். அதில் சிவப்பு வரி வந்தால் ராமையே மாற்ற வேண்டும்.

விண்டோஸிலேயே முடியாதா?

விண்டோஸ் 11-இல் மைக்ரோசாஃப்ட்டே கொடுத்த ஆண்ட்ராய்டு வசதி 2025 மார்ச் 5-ஆம் தேதியோடு நின்றுவிட்டது. அதை இன்னும் இன்ஸ்டால் செய்து தருவதாகச் சொல்லும் வீடியோக்களை நம்பி எங்கிருந்தோ வரும் ஃபைலை ஏற்றாதீர்கள். மிச்சம் இருப்பது புளூஸ்டாக்ஸ் போன்ற எமுலேட்டர்கள். அவற்றுக்கு பயாஸில் இன்டெல் என்றால் விடி-எக்ஸ், ஏஎம்டி என்றால் எஸ்விஎம் ஆன் செய்ய வேண்டும், 8 ஜிபி ராம் இருப்பது நல்லது. கேம் ஆட மட்டும் என்றால் அதுவே போதும். தினசரி வேலைக்கு விண்டோஸுக்குப் பக்கத்தில் உபுண்டுவுக்கு 40 ஜிபி ஒதுக்கி இரண்டையும் வைத்துக்கொள்வது நல்லது.

இன்ஸ்டால் செய்யும் முறை?

லினக்ஸ் திரையில் ஜன்னல்களைக் காட்டும் முறை இரண்டு: புதிய வேலண்ட், பழைய எக்ஸ்11. வேட்ராய்டுக்கு வேலண்ட் வேண்டும், அதனால் முதலில் நீங்கள் வேலண்டில் இருக்கிறீர்களா என்று பாருங்கள். 'எக்கோ', இடைவெளி, டாலர் குறி, அதை ஒட்டிப் பெரிய எழுத்தில் எக்ஸ்டிஜி_செஷன்_டைப் என்று அடித்தால் 'வேலண்ட்' என்று வர வேண்டும். 'எக்ஸ்11' என்று வந்தால் லாக்அவுட் செய்து, பாஸ்வேர்டு கேட்கும் திரையில் கீழ்மூலையில் இருக்கும் பல்சக்கரத்தை அழுத்தி வேலண்டைத் தேர்ந்தெடுத்து உள்ளே வாருங்கள். லினக்ஸ் மின்ட் வைத்திருப்பவர்கள் பெரும்பாலும் எக்ஸ்11-இல்தான் இருப்பார்கள். அவர்கள் வெஸ்டன் என்ற சின்ன வேலண்ட் ஜன்னலைத் திறந்து அதற்குள் ஓட்டலாம்.

அடுத்து, நெட்டிலிருந்து ஃபைல் இறக்கும் 'கர்ல்' என்ற கருவியை இன்ஸ்டால் செய்யுங்கள். வேட்ராய்டின் தளம் டபிள்யூ, ஏ, ஒய், டி, ஆர், ஓ, புள்ளி, ஐ, டி. அதன் ஆவணப் பக்கத்தில் உபுண்டுவுக்கு ஒரு வரி கொடுத்திருப்பார்கள். மென்பொருள் கிடங்கைச் சேர்க்கும் வரி அது. அதை அப்படியே ஒட்டி என்டர் அடியுங்கள். வேறு எந்தத் தளத்திலிருந்தும் இந்த வரியை எடுக்காதீர்கள், ஏனென்றால் அது நிர்வாகி அதிகாரத்தோடு ஓடுகிறது. பிறகு 'சுடோ ஆப்ட் இன்ஸ்டால் வேட்ராய்டு'. சுடோ என்பது கட்டளையை நிர்வாகி அதிகாரத்தோடு ஓட்டும் சொல், ஆப்ட் என்பது மென்பொருளை ஏற்றும் கருவி.

இப்போது ஆண்ட்ராய்டின் இமேஜை, அதாவது முழு ஆண்ட்ராய்டும் அடங்கிய ஃபைலை, இறக்க வேண்டும். கூகுள் பிளே ஸ்டோர் தேவையென்றால் 'சுடோ வேட்ராய்டு இனிட் -எஸ் ஜிஆப்ஸ்'. இதில் ஜிஆப்ஸ் மட்டும் பெரிய எழுத்து. தேவையில்லை என்றால் 'சுடோ வேட்ராய்டு இனிட்' போதும். சுமார் 1 ஜிபி இறங்கும். மொபைல் ஹாட்ஸ்பாட்டில் செய்தால் பாதியில் அறுந்துபோகும். அறுந்தால் அதே கட்டளையோடு '-எஃப்' சேர்த்து மறுபடி ஓட்டுங்கள். பிளே ஸ்டோர் இல்லாததை இறக்கிவிட்டு மனம் மாறினாலும் இதே '-எஃப்'தான்.

முடிந்ததும் 'வேட்ராய்டு செஷன் ஸ்டார்ட்', அதை ஓடவிட்டு இன்னொரு டெர்மினலில் 'வேட்ராய்டு ஷோ-ஃபுல்-யூஐ'. இந்த இரண்டுக்கும் சுடோ போடக்கூடாது. போட்டால் தப்பான யூசரில் செஷன் திறக்கப் பார்த்து எரர் கொடுக்கும். இன்ஸ்டால் செய்கிறவர்கள் அதிகம் தடுக்கி விழும் இடம் இது.

ஒவ்வொரு ஆப்பும் தனி ஜன்னலில் வர வேண்டுமென்றால் 'வேட்ராய்டு ப்ராப் செட் பெர்சிஸ்ட்.வேட்ராய்டு.மல்டி_விண்டோஸ் ட்ரூ' என்று கொடுத்து, 'வேட்ராய்டு செஷன் ஸ்டாப்' செய்து மறுபடி தொடங்குங்கள்.

பிளே ஸ்டோரில் "இந்தச் சாதனம் சான்றளிக்கப்படவில்லை" என்று வருகிறதே?

வரத்தான் செய்யும். கூகுளிடம் இந்தக் கண்டெய்னரை உங்கள் கணக்கின் கீழ் பதிய வேண்டும். அதற்கு ஆண்ட்ராய்டு ஐடி என்ற நீண்ட எண் தேவை. புரோகிராம்களைப் பகிரும் கிட்ஹப் தளத்தில் 'வேட்ராய்டு_ஸ்கிரிப்ட்' என்று ஒன்று இருக்கிறது. அதை ஓட்டி 'செர்டிஃபைட்' என்பதைத் தேர்ந்தெடுத்தால் எண்ணைக் காட்டும். கூகுளின் சான்றளிக்கப்படாத சாதனங்களைப் பதியும் பக்கத்தில் லாகின் செய்து ஒட்டுங்கள். பதிந்த உடனே வேலை செய்யாது. 10, 20 நிமிடம் விட்டு, செஷனை நிறுத்தித் தொடங்குங்கள். டேட்டாவை அழித்து மறுபடி இன்ஸ்டால் செய்தால் எண் மாறிவிடும், திரும்பப் பதிய வேண்டும்.

கடை மெஷினில் உங்கள் சொந்த ஜிமெயிலைப் போடாதீர்கள். இதற்கென்று தனிக் கணக்கு வையுங்கள்.

ஜிபே, போன்பே, பேங்க் ஆப் ஓடுமா?

ஓடாது. ஓட வைக்கவும் முயலாதீர்கள். இந்தக் கேள்வி அதிகம் வருவதால் காரணத்தை முழுதாகச் சொல்கிறோம்.

யுபிஐ ஆப் முதன்முதலில் திறக்கும்போது, உங்கள் சிம்மிலிருந்து ஒரு எஸ்எம்எஸ்ஸைத் தானே அனுப்பும். அந்த எண்ணும் பேங்கில் பதிந்த எண்ணும் ஒன்றா, எந்தச் சாதனத்திலிருந்து வந்தது என்று பார்த்து முடிச்சுப் போடுகிறார்கள். கண்டெய்னரில் சிம்மே இல்லை. எஸ்எம்எஸ் எங்கிருந்து போகும்? ஓடிபியைக் கையால் அடிக்கும் விஷயமில்லை இது. இரண்டாவது, பேங்க் ஆப்கள் பிளே இன்டெக்ரிட்டி என்ற கூகுள் சோதனையைக் கேட்கும். மாற்றம் செய்யாத, சான்று பெற்ற சாதனமா என்பதுதான் அந்தச் சோதனை. வேட்ராய்டு அதில் தேறாது. அதைத் தாண்டவைப்பதாகச் சொல்லும் ஸ்கிரிப்ட்டுகள் இருக்கின்றன. தெரியாத ஒருவர் எழுதிய புரோகிராமை நிர்வாகி அதிகாரத்தோடு ஓட்டிவிட்டு, அதே மெஷினில் பேங்க் பாஸ்வேர்டை அடிப்பது எவ்வளவு ஆபத்து என்று யோசியுங்கள்.

கடைக்குப் பணம் வந்ததா என்று பெரிய திரையில் பார்க்க வேண்டும் என்பதுதான் தேவையென்றால், வியாபாரிகளுக்குப் பேங்கும் க்யூஆர் கொடுத்தவர்களும் தரும் வெப் பக்கத்தை பிரவுசரில் திறங்கள். "நான் சரிசெய்து தருகிறேன், ஸ்கிரீன் ஷேர் ஆப்பைப் போடுங்கள்" என்று போனில் யாராவது சொன்னால் வைத்துவிடுங்கள். பணம் போய்விட்டால் தாமதிக்காமல் 1930-க்கு அழையுங்கள்.

வாட்ஸ்அப்?

வெப் வாட்ஸ்அப் இருக்கும்போது கண்டெய்னர் எதற்கு? பிரவுசரில் நன்றாக ஓடும் எதையும் பிரவுசரிலேயே ஓட்டுங்கள். இது வாட்ஸ்அப்புக்கு மட்டுமில்லை; காற்று, அலை முன்னறிவிப்புப் பக்கங்களுக்கும் ஈபி பில் கட்டுவதற்கும் இதே பதில்தான்.

ஆப் இறங்குகிறது, திறந்ததும் மூடிக்கொள்கிறது. ஏன்?

போனில் இருப்பது ஆர்ம் பிராசசர். உங்கள் டெஸ்க்டாப்பில் இருப்பது இன்டெல் அல்லது ஏஎம்டி. ஜாவா, காட்லின் என்ற புரோகிராம் மொழிகளில் மட்டும் எழுதிய ஆப் இரண்டிலும் ஓடும். வேகத்துக்காக உள்ளே ஆர்ம் கோடு வைத்த ஆப் ஓடாது. ஆப்பின் இன்ஸ்டால் ஃபைலான ஏபிகேயைக் கையால் ஏற்றும்போது 'நோ_மேட்சிங்_ஏபிஐஸ்' என்று எரர் வந்தால் இதுதான் காரணம்.

இதற்கு மொழிபெயர்ப்பு அடுக்கு ஒன்றைச் சேர்க்க வேண்டும். மேலே சொன்ன வேட்ராய்டு_ஸ்கிரிப்ட்டிலேயே இருக்கிறது. இன்டெல் பிராசசருக்கு லிப்ஹுடினி, ஏஎம்டிக்கு லிப்என்டிகே என்று தொடங்குங்கள். ஒன்றில் சரிவரவில்லை என்றால் அதை நீக்கிவிட்டு மற்றதை முயலுங்கள். இரண்டையும் ஒன்றாகப் போடக்கூடாது. மொழிபெயர்த்து ஓடும் ஆப் கொஞ்சம் மெதுவாகத்தான் இருக்கும்.

எக்ஸ்ஏபிகே என்று முடியும் ஃபைல் என்றால் கதை வேறு. அது பல துண்டு ஏபிகேக்களின் மூட்டை. 'வேட்ராய்டு ஆப் இன்ஸ்டால்' ஒற்றை ஏபிகேயைத்தான் எடுக்கும். மூட்டையைப் பிரித்து, கம்ப்யூட்டரிலிருந்து ஆண்ட்ராய்டுக்குக் கட்டளை அனுப்பும் ஏடிபி கருவியில் 'ஏடிபி கனெக்ட்' கொடுத்துக் கண்டெய்னரோடு இணைந்து, 'ஏடிபி இன்ஸ்டால்-மல்டிபிள்' என்று எல்லாத் துண்டையும் சேர்த்துக் கொடுங்கள். கண்டெய்னரின் ஐபி முகவரி 'வேட்ராய்டு ஸ்டேட்டஸ்' சொன்னால் தெரியும், 192.168.240 என்று தொடங்கும். போர்ட் 5555.

கோச்சிங் ஆப்பில் கிளாஸ் வீடியோ மட்டும் கறுப்பாக வருகிறது.

வீடியோவுக்குப் பூட்டுப் போட்டிருக்கிறார்கள். வைட்வைன் என்ற பூட்டைத் திறக்கும் பகுதி வேட்ராய்டில் தானாக வராது. ஸ்கிரிப்ட் மூலம் சேர்த்தால் சில ஆப்களில் படம் வரும், உயர்ந்த தரத்தில் வராது. சில ஆப்கள் கண்டெய்னர் என்று தெரிந்ததுமே மறுத்துவிடும். ஆகையால் கோர்ஸுக்குப் பணம் கட்டுமுன் இலவச டெமோ வீடியோவை இந்த மெஷினில் ஓட்டிப் பாருங்கள். அந்த நிறுவனத்துக்கு வெப் பக்கம் உண்டா என்றும் கேளுங்கள். பெரும்பாலும் இருக்கும், அதில் பாஸ்வேர்டும் அதேதான்.

திரை முழுக்கக் கறுப்பு. ஒன்றுமே வரவில்லை.

என்விடியா கார்டும் அதன் சொந்த டிரைவரும் இருந்தால் வேட்ராய்டின் கிராபிக்ஸ் அதோடு ஒத்துப்போகாது. பிராசசரிலேயே கிராபிக்ஸ் இருக்கும் மெஷின் என்றால் எளிய வழி ஒன்று உண்டு. மானிட்டர் ஒயரைக் கார்டிலிருந்து எடுத்து மதர்போர்டின் போர்ட்டில் செருகுங்கள். பயாஸில் உள்கிராபிக்ஸை ஆன் செய்யுங்கள்.

அது இல்லையென்றால் பிராசசரையே படம் வரையச் சொல்ல வேண்டும். செஷனை நிறுத்திவிட்டு 'வார்', அதனுள் 'லிப்', அதனுள் 'வேட்ராய்டு' ஃபோல்டரில் இருக்கும் வேட்ராய்டு.சிஎஃப்ஜி ஃபைலை நிர்வாகியாகத் திறந்து, ப்ராப்பர்ட்டீஸ் பகுதியின் கீழ் இரண்டு வரி சேருங்கள்: 'ஆர்ஓ.ஹார்ட்வேர்.கிராலாக்' என்பதற்கு 'டிஃபால்ட்', 'ஆர்ஓ.ஹார்ட்வேர்.இஜிஎல்' என்பதற்கு 'ஸ்விஃப்ட்ஷேடர்'. சேமித்து, 'சுடோ வேட்ராய்டு அப்கிரேட் --ஆஃப்லைன்'. இந்தக் கடைசிக் கட்டளையை மறந்தால் நீங்கள் எழுதியது எதுவும் நடைமுறைக்கு வராது. படிக்கிற ஆப்புக்கு இது போதும், கேமுக்குப் போதாது.

ஆண்ட்ராய்டு திறக்கிறது, உள்ளே நெட் இல்லை.

கம்ப்யூட்டரில் நெட் இருந்து கண்டெய்னரில் இல்லையென்றால் ஃபயர்வால் தடுக்கிறது. வேட்ராய்டு தனக்கென்று ஒரு பாலம் போட்டு அதன் வழியாகத்தான் ஆண்ட்ராய்டுக்கு முகவரியும் பெயர்த்தேடலும் கொடுக்கிறது. அதற்கு 53, 67 இரண்டு போர்ட்டும் திறந்திருக்க வேண்டும். 'சுடோ யுஎஃப்டபிள்யூ அலவ் 53', 'சுடோ யுஎஃப்டபிள்யூ அலவ் 67', பிறகு 'சுடோ யுஎஃப்டபிள்யூ டிஃபால்ட் அலவ் ரூட்டட்'. அடுத்து 'சுடோ சிஸ்டம்சிடிஎல் ரீஸ்டார்ட் வேட்ராய்டு-கண்டெய்னர்'.

அதே மெஷினில் டாக்கர் (கண்டெய்னர்கள் ஓட்டும் வேறொரு மென்பொருள்) இருந்தால் அதுவும் கடத்தும் பாக்கெட்டுகளைத் தடுத்து வைக்கும். டாக்கரை நிறுத்தி மெஷினை ரீஸ்டார்ட் செய்து பாருங்கள். நெட் வந்துவிட்டால் காரணம் உறுதி.

போட்டோ, பிடிஎஃப் எல்லாம் உள்ளே கொண்டுபோவது எப்படி?

ஆண்ட்ராய்டின் ஃபைல்கள் உங்கள் ஹோம் ஃபோல்டரில் மறைந்திருக்கும் '.லோக்கல்', 'ஷேர்', 'வேட்ராய்டு', 'டேட்டா', 'மீடியா', '0' என்ற பாதையில் இருக்கின்றன. உங்கள் ஃபோல்டர் ஒன்றை 'சுடோ மவுன்ட் --பைண்ட்' மூலம் அங்கே இருக்கும் டாக்குமென்ட்ஸ் ஃபோல்டரின் மேல் பொருத்தினால் இரண்டு பக்கமும் ஒரே ஃபைல்கள் தெரியும். மெஷினை அணைத்தால் பொருத்தியது போய்விடும். காலையில் மறுபடி கொடுக்க வேண்டும். ஹோம் ஃபோல்டர் முழுவதையும் பொருத்தாதீர்கள். உள்ளே இருக்கும் ஆப் எதுவும் உங்கள் கணக்குப் புத்தகத்தைப் படிக்க வழிவிட வேண்டாம்.

தமிழில் டைப் செய்ய வரவில்லை.

வெளியே லினக்ஸில் வைத்த தமிழ்க் கீபோர்டு உள்ளே எட்டாது. ஆண்ட்ராய்டின் செட்டிங்ஸில் பிசிக்கல் கீபோர்டு பகுதிக்குப் போய், திரைக் கீபோர்டையும் காட்டு என்பதை ஆன் செய்துவிட்டு, உள்ளேயே ஒரு தமிழ்க் கீபோர்டு ஆப்பைப் போடுங்கள். நீளமாக அடிப்பதென்றால் வெளியே அடித்து காப்பி செய்து உள்ளே ஒட்டுவதே வேகம். ஒட்டல் வேலை செய்ய லினக்ஸில் 'டபிள்யூஎல்-கிளிப்போர்டு' இருக்க வேண்டும்.

பார்கோடு ஸ்கேனர், பிரிண்டர், கைரேகை மெஷின், கேமரா?

யுஎஸ்பி பார்கோடு ஸ்கேனர் கம்ப்யூட்டருக்குக் கீபோர்டு மாதிரிதான் தெரியும். அதனால் வேலை செய்யும். கர்சர் சரியான கட்டத்தில் இருக்க வேண்டும். பிரிண்ட்டுக்கு ஆப்பில் பிடிஎஃப்பாகச் சேமித்து லினக்ஸிலிருந்து அடியுங்கள். ஆதார் கைரேகை மெஷின் ஓடாது: யுஎஸ்பி சாதனம் நேராக உள்ளே போகாது. அந்த வேலைக்கு விண்டோஸில் அதன் ஆர்டி சர்வீஸ் என்ற மென்பொருளை வைத்துக்கொள்ளுங்கள். ஜிபிஎஸ், புளூடூத் இல்லை. கேமராவை நம்பி எதையும் தொடங்காதீர்கள். மைக் பெரும்பாலும் வேலை செய்யும்.

பிரவுசிங் சென்டரில் கஸ்டமருக்குத் திறந்து கொடுக்கலாமா?

ஒரு மெஷினில் ஒரு நேரத்தில் ஒரு செஷன்தான். கஸ்டமர் லாகின் செய்த ஆப் அடுத்த ஆளுக்கும் அப்படியே திறந்திருக்கும். இது சாதாரண விஷயமில்லை. ஒருவரின் மதிப்பெண் பட்டியலும் ஆதார் எண்ணும் அங்கே கிடக்கும். வேலை முடிந்ததும் அந்த ஆப்பின் 'கிளியர் டேட்டா'வை அழுத்துவதை கஸ்டமர் பார்க்கும்போதே செய்யுங்கள். லாகின் தேவைப்படாத ஆப்களை மட்டும் திறந்து கொடுப்பது இன்னும் நல்லது.

நோட்டிஃபிகேஷன் வருவதே இல்லை.

ஆப் எதுவும் திறந்திருக்காதபோது கண்டெய்னர் உறைந்து நிற்கும், ராமையும் பிராசசரையும் மிச்சப்படுத்த. 'வேட்ராய்டு ப்ராப் செட் பெர்சிஸ்ட்.வேட்ராய்டு.சஸ்பெண்ட் ஃபால்ஸ்' கொடுத்தால் விழித்தே இருக்கும்.

நேற்று வரை ஓடியது, அப்டேட்டுக்குப் பிறகு பைண்டர் எரர்.

ஆண்ட்ராய்டின் ஆப்கள் ஒன்றோடொன்று பேசுவது பைண்டர் வழியாக. அது கர்னலில் இருக்க வேண்டிய மாட்யூல், அதாவது கூடுதலாகச் சேரும் ஒரு துண்டு. உபுண்டுவில் அது 'லினக்ஸ்-மாட்யூல்ஸ்-எக்ஸ்ட்ரா' என்ற தொகுப்பில் வருகிறது. புதுக் கர்னல் வந்து இந்தத் தொகுப்பு வராமல் போனால் எரர்தான். 'யுநேம் -ஆர்' அடித்து இப்போதைய கர்னலின் எண்ணைப் பாருங்கள், அதே எண் கொண்ட தொகுப்பை ஆப்ட் மூலம் இன்ஸ்டால் செய்து ரீஸ்டார்ட் செய்யுங்கள். அவசரமென்றால் மெஷின் தொடங்கும்போது அட்வான்ஸ்டு ஆப்ஷன்ஸில் பழைய கர்னலைத் தேர்ந்தெடுத்து அன்றைய வேலையை முடித்துவிடலாம்.

கரண்ட் போனால் எல்லாம் போய்விடுமா?

பெரும்பாலும் போகாது. ஆப்பின் தகவல்கள் சாதாரண ஃபைல்களாகத்தான் டிஸ்கில் இருக்கின்றன. ஆனால் எழுதிக்கொண்டிருக்கும்போது அறுந்தால் அந்த ஆப்பின் டேட்டாபேஸ் கெடலாம். கடை மெஷினுக்கு யுபிஎஸ் போட்டுவிடுங்கள். வாரம் ஒருமுறை செஷனை நிறுத்திவிட்டு, ஹோமில் உள்ள அந்த வேட்ராய்டு ஃபோல்டரை 'சுடோ டார்' மூலம் ஒரே மூட்டையாக்கி வெளி டிஸ்கில் வையுங்கள். சாதாரணமாக மவுஸில் காப்பி செய்தால் ஃபைல்களின் உரிமையாளர் எண்கள் மாறி, திரும்ப வைக்கும்போது ஆப்கள் திறக்காது. டார் மூட்டையில் அந்த எண்கள் அப்படியே இருக்கும்.

முழுதாக நீக்க வேண்டும்.

'வேட்ராய்டு செஷன் ஸ்டாப்', பிறகு 'சுடோ ஆப்ட் ரிமூவ் வேட்ராய்டு', மெஷினை ரீஸ்டார்ட். இத்தோடு நின்றால் இமேஜும் லாகின் செய்த கணக்குகளும் டிஸ்கிலேயே இருக்கும். 'வார்', அதனுள் 'லிப்' கீழுள்ள வேட்ராய்டு ஃபோல்டரையும், ஹோமில் '.லோக்கல்', அதனுள் 'ஷேர்' கீழுள்ள வேட்ராய்டு ஃபோல்டரையும் சுடோவோடு அழியுங்கள். முன்பு பைண்ட் செய்த ஃபோல்டர் எதுவும் இன்னும் பொருந்தியிருக்கிறதா என்று அழிப்பதற்கு முன் 'மவுன்ட்' அடித்துப் பார்த்துவிடுங்கள். பொருந்தியிருந்தால் உங்கள் சொந்த டாக்குமென்ட்டுகளும் சேர்ந்து அழிந்துபோகும்.